மயில் மேல் உட்கார்ந்து பாடும்போதே பிரிந்த உயிர்: யார் இந்த சிவகாசி விஸ்வநாததாஸ்?

சிவகாசி என்றதும் பட்டாசு, தீப்பெட்டி, காலண்டர் மூன்றும் ஞாபகத்துக்கு வரும். 'குட்டி ஜப்பான்' என்ற பட்டப்பெயரும் கூடவே வரும். ஆனால் அந்த ஊருக்குத் தீப்பெட்டித் தொழில் வருவதற்கு முப்பது வருஷத்துக்கும் முன்பே அங்கே பிறந்து, தன் குரலை மட்டும் வைத்துக்கொண்டு பிரிட்டிஷ் போலீஸை ஊர் ஊராக அலையவிட்ட ஒரு பாட்டுக்காரர் இருந்தார். பெயர் விஸ்வநாததாஸ்.

சினிமாப் பாட்டு என்ற ஒன்றே இல்லாத காலம் அது. நாடகப் பாட்டுதான் அன்றைய ஹிட் பாட்டு. அந்தப் பாட்டுக்காக அவர் 29 முறை கைதானதாகச் சொல்லப்படுகிறது. சில பாட்டுகளை மட்டும் விட்டிருந்தால் வசதியாக வாழ்ந்திருக்க முடியும். அவர் விடவில்லை. ஏன்? அதற்கு அவர் கொடுத்த விலை என்ன?

பிறப்பும் ஊரும்

விஸ்வநாததாஸ் 1886 ஜூன் 16-ம் தேதி சிவகாசியில் பிறந்தார். அப்பா சுப்பிரமணியம், அம்மா ஞானாம்பாள். வளர்ந்ததும் பின்னாளில் குடும்பத்தோடு வாழ்ந்ததும் மதுரைக்குத் தெற்கே, விருதுநகர் போகும் சாலையில் இருக்கும் திருமங்கலத்தில். அதனால்தான் இரண்டு ஊர்க்காரர்களும் அவரை எங்க ஊர்க்காரர் என்று சொந்தம் கொண்டாடுகிறார்கள்.

இன்றைய விருதுநகர் மாவட்டம் அப்போது கிடையாது. சிவகாசி திருநெல்வேலி மாவட்டத்தில் இருந்தது. 1910-ல் ராமநாதபுரம் மாவட்டத்தோடு சேர்ந்தது. மழை குறைந்த கரிசல் பூமி. அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா போய் தீப்பெட்டி செய்யக் கற்றுக்கொண்டு திரும்பியது 1923-ல்தான். விஸ்வநாததாஸ் சிறுவனாக இருந்தபோது அந்த வட்டாரத்தில் வானத்தை நம்பிய விவசாயமும் சில்லறை வியாபாரமும்தான் பிழைப்பு.

சாதிப் பிரச்சினையும் கடுமையாக இருந்தது. கோயில் நுழைவு உரிமையை ஒட்டி மூண்ட பகையில் 1899-ல் சிவகாசி சூறையாடப்பட்டது. 'சிவகாசிக் கொள்ளை' என்று இன்றும் பேசப்படும் அந்தக் கலவரம் நடந்தபோது விஸ்வநாததாஸுக்குப் பதின்மூன்று வயதுகூட நிறையவில்லை.

அவர் பிறந்தது மருத்துவர் சமூகத்தில். முடி திருத்துவது, நாட்டு வைத்தியம் பார்ப்பது, பிரசவம் பார்ப்பது என ஊருக்கு வேண்டிய வேலைகளைச் செய்த சமூகம் அது. வேலை வேண்டும், ஆனால் ஆளைச் சமமாக நடத்த மாட்டோம் என்பதுதான் அன்றைய ஊர் வழக்கம். இந்த விஷயம் அவர் மேடை ஏறிப் பெரிய ஆளான பிறகும் விடவில்லை.

மைக் இல்லாத காலத்து மேடை

அவர் காலத்து நாடகம் எப்படி நடந்தது என்று தெரிந்தால்தான் அவர் செய்தது எவ்வளவு பெரிய விஷயம் என்று புரியும்.

தென் மாவட்டங்களில் அப்போது கொடிகட்டிப் பறந்தது 'ஸ்பெஷல் நாடகம்'. நிரந்தரக் குழு இருக்காது. ராஜபார்ட் ஒரு ஊரில் இருந்து வருவார், ஸ்திரீபார்ட் இன்னொரு ஊரில் இருந்து வருவார். பபூன், ஆர்மோனியம், மிருதங்கம் என எல்லோரும் அன்று சாயங்காலம்தான் மேடைக்குப் பின்னால் சந்திப்பார்கள். ஒத்திகை கிடையாது. நேராக மேடைதான்.

இது எப்படிச் சாத்தியம்? சங்கரதாஸ் சுவாமிகள் எழுதிய நாடகங்கள் எல்லா நடிகர்களுக்கும் மனப்பாடம். வள்ளி திருமணம், பவளக்கொடி, கோவலன் என்று சொன்னால் போதும். எந்த இடத்தில் எந்தப் பாட்டு, யார் எப்போது உள்ளே வர வேண்டும் என்று எல்லோருக்கும் தெரியும். பாட்டுக்கு நடுவே வரும் பேச்சும் தர்க்கமும் மட்டும் அன்றன்றைக்கு அவரவர் சாமர்த்தியம்.

ராத்திரி தொடங்கினால் விடிய விடிய நடக்கும். மைக் கிடையாது. கடைசி வரிசையில் துண்டை விரித்து உட்கார்ந்திருக்கும் ஆளுக்கும் கேட்க வேண்டும் என்றால் உச்ச ஸ்தாயியில் பாடியாக வேண்டும். பாட்டு பிடித்துவிட்டால் கூட்டம் 'ஒன்ஸ்மோர்' கேட்கும். அதே பாட்டை இரண்டு, மூன்று முறைகூடப் பாட வேண்டியிருக்கும். நடிப்பைவிடக் குரல்தான் அங்கே முதலீடு. எஸ்.ஜி. கிட்டப்பா, கே.பி. சுந்தராம்பாள் போன்றவர்கள் புகழ் பெற்றதும் இதே உலகத்தில்தான்.

இந்த உலகத்தில் ராஜபார்ட்டாக, அதிலும் முருகன் வேஷத்துக்கு என்றே பெயர் வாங்கியவர் விஸ்வநாததாஸ்.

முருகன் வாயில் அரசியல் பாட்டு எப்படி வந்தது?

1919 ஏப்ரல் 13. பஞ்சாபில் ஜாலியன்வாலா பாக்கில் கூடியிருந்த மக்கள் மீது பிரிட்டிஷ் ராணுவம் சுட்டது. நாடு முழுக்கக் கோபம் பரவியது. அடுத்த வருஷமே காந்தியின் ஒத்துழையாமை இயக்கம் தொடங்கியது. தமிழ்நாட்டில் பத்திரிகை படிக்கத் தெரிந்தவர்கள் சொற்பம். ரேடியோ கிடையாது. பேசும் படம் கிடையாது. அந்தச் செய்தி கிராமத்துக்கு எப்படிப் போனது என்ற கேள்விக்கு ஒரு முக்கியமான பதில், நாடக மேடை.

இங்கேதான் மதுரகவி பாஸ்கரதாஸ் வருகிறார். நாகலாபுரத்தில் 1892-ல் பிறந்தவர், இயற்பெயர் வெள்ளைச்சாமி. காந்தி, கதர், கள்ளுக்கடை மறியல், பஞ்சாப் படுகொலை என்று அன்றன்றைய விஷயங்களை நாடக மெட்டில் பாட்டாக எழுதித் தள்ளினார். அந்தப் பாட்டுகளுக்குக் கிடைத்த மிகப் பெரிய குரல்களில் ஒன்று விஸ்வநாததாஸின் குரல்.

உத்தி எளிமையானது. வள்ளி திருமணத்தில் வள்ளி தினைப்புனம் காக்கிறாள். பறவைகளை ஆலோலம் பாடி விரட்டுவது கதையிலேயே இருக்கும் காட்சி. அந்த இடத்தில் கொக்கைப் பற்றி ஒரு பாட்டு வந்தால் யார் என்ன சொல்ல முடியும்? பாஸ்கரதாஸ் எழுதியதாக அறியப்படும் அந்தக் கொக்குப் பாட்டில் வெள்ளைக் கொக்கு என்பது வெள்ளைக்காரன். எங்கிருந்தோ வந்து நம் வளத்தைக் கொத்திக்கொண்டு போகும் பறவை. கேட்கிற விவசாயிக்கு விளக்கம் தேவைப்படவில்லை. தன் வயலில் இறங்கும் பறவையை அவன் தினமும் பார்க்கிறான்.

விஸ்வநாததாஸ் இந்தப் பாட்டை எடுத்தால் கூட்டம் எழுந்து நிற்கும், ஒன்ஸ்மோர் அடங்காது என்பது தென் மாவட்டங்களில் தலைமுறை தலைமுறையாகச் சொல்லப்படும் செய்தி. அவர் பெயரைச் சொன்னால் முதலில் நினைவுக்கு வருவதும் இன்றுவரை அந்தக் கொக்குப் பாட்டுதான்.

போலீஸ் ஏன் திணறியது?

நாடகத்தைக் கட்டுப்படுத்த அரசிடம் சட்டம் இல்லாமல் இல்லை. வங்காளத்தில் ஆட்சியைக் கிண்டல் செய்த நாடகங்கள் பெருகியதும் 1876-லேயே நாடக நிகழ்ச்சிகள் சட்டம் கொண்டுவரப்பட்டது. ஆட்சிக்கு எதிராக வெறுப்பைத் தூண்டும் நாடகம் என்று அரசு நினைத்தால் தடை செய்யலாம். மீறினால் மூன்று மாதம் வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டுமே. இதற்கு மேல் ராஜதுரோகத்துக்கு 124 ஏ, கூட்டத்தைத் தடுக்க 144 ஆகியவையும் கையில் இருந்தன.

பிரச்சினை எங்கே என்றால், வள்ளி திருமணத்தை எப்படித் தடை செய்வது? அது சாமி கதை. புத்தகத்தை வாங்கிப் படித்தால் ஒரு வரிகூட ஆட்சேபம் சொல்ல முடியாது. சிக்கலான பாட்டு புத்தகத்தில் இல்லை, பாடகரின் தொண்டையில் இருந்தது. எந்த நேரத்தில் வரும் என்றும் தெரியாது. ஆகவே போலீஸ்காரர்கள் ராத்திரி முழுக்க உட்கார்ந்து நாடகம் பார்க்க வேண்டியிருந்தது.

தடை உத்தரவு போட்டாலும் அது அந்த மாவட்டத்துக்கோ ஊருக்கோ மட்டும்தான் செல்லும். ஸ்பெஷல் நாடக நடிகருக்கு அடுத்த வாரம் வேறு ஊரில் மேடை இருக்கும்.

இதைச் சுற்றி ஒரு கதை இன்றும் சொல்லப்படுகிறது. முருகன் வேஷத்தில் இருந்த அவரைக் கைது செய்யப் போலீஸ் மேடைக்கே வந்துவிட்டது. வாரண்ட் விஸ்வநாததாஸ் பெயரில்தானே இருக்கிறது, இப்போது இங்கே நிற்பது முருகனாயிற்றே என்று அவர் மடக்கினாராம். வேஷம் கலையும் வரை போலீஸ் காத்திருந்து அழைத்துப் போனதாம். ஊர் வாய்மொழியில் கொஞ்சம் மெருகு ஏறியிருக்கலாம். ஆனால் முருகனை விலங்கு மாட்டி இழுத்துப் போவதைப் பார்க்கிற கூட்டம் சும்மா விடுமா என்ற பயம் போலீஸுக்கு இருந்திருக்கும் என்பதில் ஆச்சரியம் இல்லை.

சிறையும் வழக்கும்

கைது, வழக்கு, சிறை, விடுதலை, மறுபடி மேடை, மறுபடி கைது. இருபது வருஷம் இப்படித்தான் ஓடியது. அவருக்காக வ.உ. சிதம்பரனார் ஒரு வழக்கில் வாதாடியதாகவும் அவரது வாழ்க்கைக் குறிப்புகள் சொல்கின்றன. கப்பல் ஓட்டியதற்காகச் செக்கிழுத்துத் திரும்பிய வக்கீல், பாட்டு பாடியதற்காகக் கூண்டில் நிற்கும் நடிகருக்காகப் பேசுகிறார். தென் மாவட்ட விடுதலைப் போராட்டத்தின் இரண்டு தலைமுறைகள் சந்தித்த இடம் அது.

ஒரு அரசியல் தலைவர் சிறைக்குப் போவதற்கும் ஒரு நாடக நடிகர் சிறைக்குப் போவதற்கும் பெரிய வித்தியாசம் இருக்கிறது. நடிகருக்குக் கூலி அன்றன்றைக்குத்தான். மேடை இல்லாத நாளில் வருமானம் இல்லை. சிறையில் இருக்கும் மாதங்களில் வீட்டில் அடுப்பெரிய வேறு வழி பார்க்க வேண்டும். நாடகம் போடும் காண்டிராக்டர் கொட்டகை, விளக்கு, நடிகர்கள் என எல்லாவற்றுக்கும் முன்பணம் கொடுத்திருப்பார். பாதியில் கைது நடந்தால் அவருக்கும் நஷ்டம். எவ்வளவு பெரிய பாடகராக இருந்தாலும் அழைக்கத் தயங்குவது இயல்பு.

மேடையில் கடவுள், கீழே இறங்கினால்?

போலீஸ் ஒரு பக்கம் என்றால், இன்னொரு பக்கம் சாதி.

ஸ்பெஷல் நாடகத்தில் ராஜபார்ட்டுக்கும் ஸ்திரீபார்ட்டுக்கும் நடக்கும் பாட்டுப் போட்டிதான் உயிர். முருகனுக்கும் வள்ளிக்கும் நடக்கும் தர்க்கத்தைப் பார்க்கத்தான் கூட்டமே வரும். ஆனால் விஸ்வநாததாஸின் சாதியைக் காரணம் காட்டி அவரோடு ஜோடி சேர நடிகைகள் பலர் மறுத்தார்கள். நடிகைகளையே மரியாதையாக நடத்தாத காலம் அது. அந்த அவமதிப்பை அனுபவித்தவர்களே தங்களுக்குக் கீழே ஒருவரைத் தேடினார்கள் என்பதுதான் இதில் கசப்பு.

முருகன் மேடையில் தோன்றினால் கன்னத்தில் போட்டுக்கொள்ளும் கூட்டம். அந்த முருகனாக நிற்பவர் வேஷம் கலைத்துவிட்டு வந்தால் எந்தத் திண்ணையில் உட்காரலாம் என்று பார்க்கும் ஊர். அவர் பாடியது நாட்டு விடுதலையை. ஆனால் வெள்ளைக்காரன் போனாலும் போகாத ஒன்று தன் ஊரிலேயே இருக்கிறது என்பது அவருக்குத் தினமும் தெரிந்திருக்கும்.

பேசும் படம் வந்தது, காலம் மாறியது

1931 அக்டோபர் 31-ல் முதல் தமிழ்ப் பேசும் படமான 'காளிதாஸ்' வெளியானது. கதாநாயகி டி.பி. ராஜலட்சுமி நாடக மேடையில் இருந்து வந்தவர். பாட்டு எழுதியவர் பாஸ்கரதாஸ். கதைக்குச் சம்பந்தமே இல்லாமல் காந்தியின் ராட்டினத்தைப் பற்றிய பாட்டும் அதில் இருந்தது. சாமி கதைக்கு நடுவே தேசப் பாட்டைச் செருகும் உத்தி மேடையில் இருந்து அப்படியே திரைக்குப் போனது என்று இதைப் பார்க்கலாம்.

சினிமா வந்ததும் பணமும் அங்கே போனது. 1935-ல் 'பக்த நந்தனார்' படத்துக்கு கே.பி. சுந்தராம்பாள் வாங்கிய சம்பளம் ஒரு லட்சம் ரூபாய். அன்றைக்கு நினைத்துப் பார்க்க முடியாத தொகை. அதே காலத்தில் விஸ்வநாததாஸ் மேடைக்கும் சிறைக்கும் நடுவே ஓடிக்கொண்டிருந்தார்.

1937-ல் சென்னை மாகாணத்தில் ராஜாஜி தலைமையில் காங்கிரஸ் அரசு அமைந்தது. தேசப் பாட்டு பாடுபவர்களுக்குக் கொஞ்சம் மூச்சு விட நேரம் கிடைத்தது. அதுவும் நீடிக்கவில்லை. 1939 செப்டம்பரில் இரண்டாம் உலக யுத்தம் தொடங்கியது. இந்தியாவைக் கேட்காமலே யுத்தத்தில் இழுத்துவிட்டதை எதிர்த்து அக்டோபரில் காங்கிரஸ் அரசு விலகியது. யுத்தகாலச் சட்டங்களோடு கெடுபிடி மறுபடி இறுகியது.

விஸ்வநாததாஸ் அப்போது ஐம்பதைத் தாண்டியிருந்தார். உடம்பு தளர்ந்திருந்தது. திருமங்கலம் வீட்டின் மீது கடன். வீடு கையை விட்டுப் போகும் நிலை. இந்த நேரத்தில் அரசுத் தரப்பில் இருந்து ஒரு யோசனை வந்ததாக அவரது வாழ்க்கையை எழுதியவர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். யுத்தத்துக்கு ஆதரவாக மேடையில் பாடினால் கடன் பிரச்சினை தீரும் என்பதுதான் அது. அவர் மறுத்துவிட்டார்.

யோசித்துப் பார்த்தால் இது சின்ன முடிவு இல்லை. புதிதாக எதையும் துறக்கச் சொல்லவில்லை. அதே மேடை, அதே குரல், பாட்டை மட்டும் மாற்றினால் போதும். வீடு மிஞ்சும். எதிரியைப் பாடிப் பாடியே பெயர் வாங்கிய ஒருவர், தன் வாழ்நாள் உழைப்பை ஒரே ராத்திரியில் பொய்யாக்க வேண்டும், அவ்வளவுதான். அந்த விலைக்கு அவர் சம்மதிக்கவில்லை.

1940, டிசம்பர் 31

கடன் நெருக்கடிக்கு நடுவே சென்னையில் நாடகம் போட ஏற்பாடானது. இடம் ராயல் தியேட்டர். நாடகம் அவருக்குப் பேர் வாங்கிக் கொடுத்த அதே வள்ளி திருமணம். உடல்நிலை சரியில்லாத நிலையிலும் முருகன் வேஷம் கட்டினார்.

மயில் வாகனத்தில் அமர்ந்தபடி பாடிக்கொண்டிருந்தார். பாட்டு நடுவிலேயே நின்றது. முதலில் அதுவும் நடிப்பு என்றுதான் பார்த்தவர்கள் நினைத்திருப்பார்கள். அருகில் போய்ப் பார்த்தபோது உயிர் பிரிந்திருந்தது. வயது 54. வேஷம் கலைக்காமல் முருகன் கோலத்திலேயே இறுதி ஊர்வலம் நடந்ததாகச் சொல்வார்கள்.

நாடு விடுதலை அடைய இன்னும் ஆறரை வருஷம் இருந்தது.

முக்கிய ஆண்டுகள், சுருக்கமாக

1886: சிவகாசியில் பிறப்பு
1899: சிவகாசிக் கலவரம்
1919: ஜாலியன்வாலா பாக் படுகொலை, தேசப் பாட்டுகள் நாடக மேடையில் பெருகும் காலம்
1931: முதல் தமிழ்ப் பேசும் படம் 'காளிதாஸ்'
1937 - 39: சென்னை மாகாணத்தில் காங்கிரஸ் ஆட்சி
1940 டிசம்பர் 31: சென்னை ராயல் தியேட்டர் மேடையில் மறைவு

இன்று எங்கே இருக்கிறார்?

திருமங்கலத்தில் அவருக்குத் தமிழ்நாடு அரசின் நினைவு இல்லம் இருக்கிறது. அரசியல் தலைவர்களின் பெயர்கள் பாடப்புத்தகத்தில் நின்றுவிட்டன. அந்தத் தலைவர்களின் செய்தியை எழுதப் படிக்கத் தெரியாத ஜனங்களின் காதில் கொண்டுபோய்ச் சேர்த்தவர்கள் பெரும்பாலும் அடிக்குறிப்பாகிவிட்டார்கள். இதே வட்டாரத்தில் விருதுபட்டியில் 1903-ல் பிறந்த காமராஜரை அறியாதவர் தமிழ்நாட்டில் இல்லை. காமராஜரின் தலைமுறை ஊர் ஊராகக் கூட்டம் போட்டபோது, அந்த ஊர்களில் பலவற்றின் காதுகளை முன்கூட்டியே திறந்து வைத்தது நாடகப் பாட்டுதான்.

சிவகாசி, விருதுநகர், மதுரை, புதுக்கோட்டை வட்டாரக் கோயில் திருவிழாக்களில் வள்ளி திருமணம் இன்றும் விடிய விடிய நடக்கிறது. ஆர்மோனியம் இருக்கிறது, பபூன் இருக்கிறார், தர்க்கம் இருக்கிறது. இப்போது மைக்கும் இருக்கிறது. விலைவாசியில் இருந்து உள்ளூர் அரசியல் வரை நடிகர்கள் நடுநடுவே பேசுவார்கள், கூட்டம் கைதட்டும். எந்தப் போலீஸும் மேடை ஏறுவதில்லை. சாமி கதைக்கு நடுவே ஊர்க் கதையைப் பேசும் அந்த உரிமைக்காக ஒரு காலத்தில் சிவகாசிக்காரர் ஒருவர் திரும்பத் திரும்பச் சிறைக்குப் போனார்.